தணிக்க வந்த மருந்து தூண்டுவதேன்?

தில்லியிலிருந்து சென்னைக்கு ரயில் வண்டியில் ஏறத்தாழ ஒன்றரை நாள் பயணம். நான்கைந்து வயதுப் பிள்ளையுடன் புறப்படும் பெற்றோர் சிலர், வழியில் பிள்ளை உறங்கட்டும் என்று கருதி, சளிக்குக் கொடுக்கும் மருந்தில் ஒரு கரண்டி புகட்டிவிடுவது உண்டு. அம்மருந்தை உண்டால் பெரியவர்களுக்குக் கண் சொக்கும். ஆனால் சில பிள்ளைகளோ, வண்டி ஆக்ராவைத் தாண்டுவதற்குள் இருக்கைக்கு இருக்கை தாவத் தொடங்கி, ஜான்சி வந்த பின்னும் கண்ணை மூடுவதில்லை. மருந்தின் அளவு போதவில்லை போலும் என்று எண்ணி இன்னொரு கரண்டி புகட்டுகின்ற பெற்றோரும் இருக்கிறார்கள். அது ஆபத்தான செயல்; உறக்கத்திற்காகப் பிள்ளைகளுக்கு இம்மருந்தைக் கொடுப்பதே கூடாது என்பது மருத்துவர்களின் கருத்து.

எந்தப் பயனைக் கருதி மருந்து கொடுக்கப்படுகிறதோ, அதற்கு நேர்மாறானதை அம்மருந்தே விளைவிப்பதற்கு ஆங்கில மருத்துவ நூல்களில் தனிப் பெயர் உண்டு. அதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்பது என்னைப் போன்ற மொழிபெயர்ப்பாளருக்கு ஒரு சிறு சிக்கல். 'பக்க விளைவு' என்றால் பொருந்தாது. மூட்டு வலிக்கு உண்ட மாத்திரை வயிற்றைப் புண்ணாக்கினால் அது பக்க விளைவு. வலி தணிகின்ற வேலை அதன் போக்கில் நடந்துகொண்டுதான் இருக்கும். பென்சிலின் ஊசி போட்டவுடன் உடலெங்கும் தடித்தால் அது ஒவ்வாமை. தலைவலிக்கு உண்ட மாத்திரையே தலைவலியை உண்டாக்கினால்தான் அது நாம் இங்கே பேசும் பொருள். செய்யுளில் எதிரெதிர்ப் பொருள்பட்ட சொற்கள் இயைந்து வருவதை முரண்தொடை என்கிறோம். அந்தச் சொல்லைக் கடன் வாங்கி இதனை 'முரண் விளைவு' என்று அழைப்பதே தகும் என்பது என் துணிபு.

பெயர் வைப்பது எளிது. ஒருவருக்கு நேர்ந்தது உண்மையிலேயே முரண் விளைவுதானா என்று தெளிவது அத்துணை எளிதன்று. மருந்து உண்டபின் ஒன்று நிகழ்ந்தது என்பதனாலேயே மருந்தினால் அது நிகழ்ந்தது என்று ஆகிவிடாது. நோய் தன் போக்கில் முற்றியிருக்கலாம். வேறொரு நோய் சேர்ந்திருக்கலாம். அச்சமே நோய்க் குறியாக வெளிப்பட்டிருக்கவும் கூடும். ஆகையால், ஒவ்வொரு வகையிலும் விஞ்ஞானிகள் எதனைச் சான்றாகக் கொண்டார்கள் என்று பார்ப்பதுதான் இப்பொருளை அறிவதற்கு ஏற்ற வழி.

ரயிலில் ஆடிய பிள்ளைக்கே முதலில் வருவோம். சளி மருந்தில் உள்ள டைஃபென்ஹைட்ரமைன் போன்ற பொருள்கள் சில பிள்ளைகளைக் கிளர்ச்சியுறச் செய்வது மருத்துவர்கள் நெடுநாளாக அறிந்த செய்தி. காரணம் மட்டும் இன்னும் தெளிவாகவில்லை. 2008 ஆம் ஆண்டில், இம்மருந்தால் கிளர்ச்சியுற்ற மூவரைப் பற்றிய குறிப்பு ஒன்று வெளியாயிற்று. அவர்களுடைய கல்லீரல், பரம்பரை இயல்பு காரணமாக, சில மருந்துகளை வழக்கத்திற்கு மிஞ்சிய வேகத்தில் மாற்றிவிடும் தன்மை உடையதாகக் காணப்பட்டது. அதுவே காரணமாக இருக்கலாம் என்பது ஊகம். மூவரைக் கொண்டு எழுந்த ஊகம் மேலும் ஆராயத் தூண்டும் குறிப்பே ஆகும். முடிவு என்று அதனைச் சொல்வதற்கில்லை.

மிடாசோலம் என்னும் மருந்தின் கதையில் சான்று இதனினும் உறுதியானது. வயிற்றுக்குள் குழாய் செலுத்திப் பரிசோதிக்கும்போதும், சிறு அறுவைச் சிகிச்சைகளின்போதும் நோயாளியை அமைதிப்படுத்த இதனை ஊசியாகப் போடுகிறார்கள். மிகச் சிலர் அமைதி கொள்வதற்கு மாறாகக் கத்துவதும், குழாயைப் பிடுங்குவதும், காவலாக நிற்போரை அடிக்க வருவதும் உண்டு. இது நோயாளியின் பயமா, மருந்தின் வேலையா? இம்மருந்துக்கு ஃப்ளுமாசெனில் என்றொரு முறிமருந்து இருக்கிறது. அதைச் செலுத்தியதும் சில நிமிடங்களில் அவர்கள் தெளிந்து அமைதியாவதைப் பல மருத்துவமனைகளில் கண்டிருக்கிறார்கள். மருந்தை முறித்ததும் கலக்கம் முறிந்ததென்றால், மருந்தின்மேல் ஐயம் கொள்வதற்கு வலுவான காரணம் கிடைத்துவிடுகிறது.

முரண் என்று பல்லாண்டு நம்பப்பட்டு, ஆராய்ந்து பார்த்தபோது முரணே அன்று என்று தெளிந்த வரலாறும் ஒன்று உண்டு. அமெரிக்காவில் ரோட் தீவு மாநிலத்தில், மனநலம் குன்றிய சிறுவர்களுக்கான மருத்துவமனையில் பணியாற்றிய சார்லஸ் பிராட்லி என்னும் மருத்துவர், 1937 ஆம் ஆண்டில் பென்செட்ரின் என்ற ஊக்க மருந்தை 30 பிள்ளைகளுக்கு ஒரு வார காலம் கொடுத்தார். துறுதுறுவென்று ஓர் இடத்தில் நில்லாத பிள்ளைகள் பலர் அடங்கி அமர்ந்து பாடத்தில் கருத்தூன்றினார்கள். பெரியவர்களை விழித்திருக்கச் செய்யும் மருந்து பிள்ளைகளை அடக்குவதாவது! இவர்களுடைய மூளையின் அமைப்பே வேறு, அதனால்தான் மருந்து தலைகீழாக வேலை செய்கிறது என்று நாற்பதாண்டுக் காலம் பலரும் நம்பினார்கள். மருந்துக்கு ஒரு பிள்ளை அடங்கினால், அதுவே அப்பிள்ளைக்கு நோய் உண்டு என்பதற்குச் சான்று எனச் சொன்னவர்களும் இருந்தார்கள்.

நாற்பதாண்டுகளில் எவரும் கேளாத ஓர் எளிய கேள்வியை 1978 ஆம் ஆண்டில் ஜூடித் ராப்போபோர்ட் என்னும் அம்மையாரும் அவருடன் பணிபுரிந்தவர்களும் கேட்டனர். நோயற்ற பிள்ளைகளுக்கு இதே வகை மருந்தைக் கொடுத்தால் என்ன ஆகும்? நலமாக உள்ள 14 சிறுவர்களுக்கு ஒரு வேளை மருந்தும், மற்றொரு நாளில் வெற்று மாத்திரையும் கொடுத்துப் பார்த்தார்கள். அச்சிறுவர்களும் ஓட்டம் குறைந்து, கவனம் கூர்மையுற்று நின்றார்கள். இம்மருந்து எவரிடத்தும் கவனத்தைக் கூட்டுகிறது, கவனம் கூடியபோது பிள்ளையின் அலைச்சல் குறைகிறது என்பதே செய்தி. நாற்பதாண்டு நம்பிக்கையைக் கலைப்பதற்குப் பதினான்கு சிறுவர்கள் போதுமாயினர். ஒப்பிட்டுப் பார்ப்பதற்கு ஒரு கூட்டம் இல்லாதவரையில் எதனையும் முரண் என்று சொல்லலாகாது என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டை நான் அறியேன்.

இனி, நம் வீடுகளில் அன்றாடம் நடப்பது. வட நாட்டுக் குளிர்காலத்தில் புகையும் பனியும் சேர்ந்து மூக்கை அடைக்கின்றன. தெற்கிலிருந்து புதிதாக வந்தவர்களுக்கு இது பெருந்தொல்லை. கடையில் ஆக்ஸிமெட்டசோலின் அல்லது சைலோமெட்டசோலின் கலந்த சொட்டு மருந்து வாங்கி மூக்கில் விட்டால் உடனே மூச்சு திறக்கும். மூக்கின் உள்தோலில் இருக்கும் இரத்தக் குழாய்களை அது சுருக்குகிறது. ஆனால் ஒரு வாரத்திற்கு மேல் விட்டுக்கொண்டே போனால், மருந்தின் வேகம் ஓய்ந்ததும் அக்குழாய்கள் முன்னிலும் வீங்குகின்றன. அடைப்பு மிகுகிறது, மிகுந்ததனால் மீண்டும் சொட்டு விடுகிறார்கள், விட்டதனால் மீண்டும் மிகுகிறது. மார்கழியில் வாங்கிய புட்டியைச் சித்திரையிலும் சட்டைப் பையில் வைத்திருப்பவர்கள் இருக்கிறார்கள். தலைவலி மாத்திரையும் இதே இனம்தான். ஒற்றைத் தலைவலி உடையவர்கள் மாதத்தில் பதினைந்து நாட்களோ அதற்கு மேலுமோ, மூன்று மாதத்திற்கு மேல், சாதாரண வலி மாத்திரை உண்டால் மாத்திரையே தலைவலிக்குக் காரணமாகிவிடக்கூடும்.

நெஞ்செரிச்சலுக்கு உண்ணும் மாத்திரையைப் பற்றிய சான்று மிகவும் நேர்த்தியானது. எசோமெப்ரசோல் முதலிய மருந்துகள் இரைப்பையில் அமிலம் சுரப்பதைக் குறைக்கின்றன. அவற்றை நிறுத்தினால் எரிச்சல் திரும்புகிறது என்று மக்கள் சொன்னார்கள். பழைய நோய் திரும்பியதா, மருந்தை நிறுத்தியதனால் புதிதாய் வந்ததா என்று எப்படி அறிவது? டென்மார்க்கில் ஆய்வாளர்கள், நெஞ்செரிச்சலே அறியாத 120 நலமான மனிதர்களைத் தேர்ந்தெடுத்தார்கள். ஒரு பாதியினருக்கு எட்டு வாரம் மருந்தும், பின் நான்கு வாரம் அதே தோற்றமுள்ள வெற்று மாத்திரையும் கொடுத்தனர். மறு பாதியினருக்குப் பன்னிரண்டு வாரமும் வெற்று மாத்திரையே. எவர் எதை உண்கிறார் என்பது உண்பவருக்குத் தெரியாது. கடைசி நான்கு வாரங்களில், மருந்து உண்டு நிறுத்தியவர்களுள் நூற்றுக்கு 44 பேர் நெஞ்செரிச்சல் முதலிய தொல்லைகளைச் சொன்னார்கள். மற்றவர்களுள் நூற்றுக்கு 15 பேரே சொன்னார்கள். 2009 ஆம் ஆண்டில் வெளியான இவ்வாய்வு, இல்லாத நோயை மருந்து நிறுத்தமே உண்டாக்கக்கூடும் என்பதைக் காட்டிற்று. அமிலம் குறைந்ததைக் கண்ட உடல், அதனை ஈடு செய்வதற்காகச் சுரப்பைத் தூண்டும் நீரை மிகுதிப்படுத்துகிறது. மருந்து விலகியதும் அந்தத் தூண்டுதல் தடையின்றி வெளிப்படுகிறது. நாளடைவில் தணிந்துவிடக்கூடிய இந்த எரிச்சலைப் பழைய நோய் என்று கருதி ஆண்டுக் கணக்கில் மாத்திரையைத் தொடர்பவர்கள் பலர். புண்ணுக்காகவோ வேறு தக்க காரணத்திற்காகவோ இதனை உண்பவர்கள் மருத்துவரைக் கேளாமல் நிறுத்தலாகாது என்பதையும் சொல்ல வேண்டும்.

இதுவரை சொன்னவற்றில் மருந்து உண்டவருக்கே மாறுதல் தெரிந்தது. மாறுதல் ஒன்றுமே தெரியாமல், மருந்து நன்றாக வேலை செய்வதாக நோயாளியும் மருத்துவரும் மகிழ்ந்திருக்கும்போதே உயிர் போவதும் நடந்திருக்கிறது. மாரடைப்பு வந்து பிழைத்தவர்களுள், இதயம் இடையிடையே மிகைத் துடிப்புத் துடிப்பவர்கள் திடீரென இறப்பது அதிகம் என்பது 1970களில் தெரிந்திருந்தது. என்கைனைடு, ஃப்ளீக்கைனைடு என்ற மருந்துகள் மிகைத் துடிப்பை நன்கு அடக்கின. துடிப்பை அடக்கினால் சாவும் அடங்கும் என்பது எவர்க்கும் தோன்றும் எண்ணம். அவ்வெண்ணத்தின் மேல் அமெரிக்காவில் ஏராளமானோருக்கு இம்மருந்துகள் கொடுக்கப்பட்டன. இத்தகைய நோயாளிகளுக்கு வெற்று மாத்திரை கொடுத்து ஒப்பிடுவது அறமாகுமா என்று கேட்ட மருத்துவர்களும் இருந்தார்கள்.

ஆயினும் 1987 ஆம் ஆண்டில் ஒரு பெரும் ஆய்வு தொடங்கிற்று. முதலில் எல்லோருக்கும் மருந்து கொடுத்து, மிகைத் துடிப்பு அடங்கியவர்களை மட்டும் பொறுக்கி எடுத்தார்கள். அதாவது, மருந்து எவருக்கு நன்றாக வேலை செய்ததோ அவர்கள் மட்டுமே இதில் சேர்க்கப்பட்டனர். பிறகு சீட்டுக் குலுக்குவது போல அவர்களைப் பிரித்து, 755 பேருக்கு மருந்தும் 743 பேருக்கு வெற்று மாத்திரையும் கொடுத்தனர். சராசரியாகப் பத்து மாதம் கடந்தபோது கணக்கைப் பார்த்தார்கள். வெற்று மாத்திரை உண்டவர்களுள் 26 பேர் இறந்திருந்தனர். மருந்து உண்டவர்களுள் இறந்தவர்கள் 63 பேர். 1989 ஆம் ஆண்டு ஏப்ரலில் இவ்விரு மருந்துகளின் சோதனையும் உடனே நிறுத்தப்பட்டது.

இதில் நம்மைத் திடுக்கிட வைப்பது ஒன்று உண்டு. இறந்த 63 பேரில் எந்த ஒருவரைத் தனியே எடுத்துப் பார்த்தாலும், 'பாவம், மாரடைப்பு வந்தவர், இதயம் நின்றுவிட்டது' என்றே அவருடைய மருத்துவர் எண்ணியிருப்பார். மருந்தின்மேல் ஐயம் எழ வழியே இல்லை. நாடித் துடிப்பின் படத்தைப் பார்த்தால் அது முன்னிலும் சீராக இருக்கும். எதிரே 743 பேர் இருந்ததனால்தான் உண்மை வெளிப்பட்டது. ஃப்ளீக்கைனைடு இன்றும் வழக்கில் இருக்கிறது. ஆனால் மாரடைப்பால் பழுதுறாத இதயங்களில், வேறு சில துடிப்புக் கோளாறுகளுக்கு மட்டுமே அதைக் கொடுக்கிறார்கள்.

இதற்கு எதிர்ப்பக்கத்தில், மருந்து செய்யாததை மருந்தின் தலையில் ஏற்றுவதும் நிகழ்கிறது. கொழுப்பைக் குறைக்கும் ஸ்டாட்டின் மாத்திரை ஒத்துக்கொள்ளவில்லை என்று கைவிட்ட 60 பேரை லண்டனில் ஆய்வாளர்கள் ஓராண்டு பின்தொடர்ந்தனர். சில மாதம் மருந்து, சில மாதம் வெற்று மாத்திரை, சில மாதம் ஒன்றுமே இல்லை. நாள்தோறும் தங்கள் தொல்லைக்கு நூற்றுக்கு இவ்வளவு என்று அவர்களே மதிப்பெண் இட்டார்கள். ஒன்றும் உண்ணாத மாதங்களில் சராசரி 8. வெற்று மாத்திரை மாதங்களில் 15.4, மருந்து மாதங்களில் 16.3. வலி பொய்யன்று. ஆனால் அதில் பெரும்பகுதி, மாத்திரை உண்கிறோம் என்ற எண்ணத்திலிருந்தே பிறந்தது. தங்கள் கணக்கைக் கண்ணாரக் கண்ட இவர்களுள் பாதிப் பேர் மருந்தை மீண்டும் தொடங்கினார்கள்.

இனி நம் நாட்டில் பல குடும்பங்களைத் தொடும் செய்திக்கு வருகிறேன். முன்னாளில் க்ஷயம் என்று வழங்கிய காசநோய் நுரையீரலில் மட்டும் வருவதன்று. கழுத்துக் கட்டிகளிலும் வரும். கட்டிக்காக மாத்திரை தொடங்கிய ஒருவருக்குச் சில வாரங்களில் பசி திரும்புகிறது, காய்ச்சல் தணிகிறது. இரண்டாம் மாதத்தில் ஒரு நாள் காலையில் கண்ணாடியைப் பார்த்தால் கட்டி பெரிதாகியிருக்கிறது. பக்கத்தில் புதிதாக ஒன்றும் முளைத்திருக்கிறது. வேற்றூரில் வாடகை அறையில் தனியே இருக்கும் மனிதருக்கு அப்போது என்ன தோன்றும்? மருந்து பொய், அல்லது மருந்தே நஞ்சு என்றுதான் தோன்றும். மாத்திரையை மூலையில் எறிந்துவிட்டு ஊருக்கு வண்டி ஏறிவிடுவார்.

கழுத்துக் கட்டிக் காசநோய்க்குச் சிகிச்சை பெறுவோருள் பத்தில் ஒருவர் முதல் நால்வரில் ஒருவர் வரை இத்தகைய வீக்கம் காண்பதாகப் பல நாட்டு ஆய்வுகள் சொல்கின்றன. வீங்கிய கட்டியிலிருந்து ஊசியால் நீர் எடுத்து, கிருமி வளர்கிறதா என்று பரிசோதனைச் சாலையில் வைத்துப் பார்த்தால் பெரும்பாலும் ஒன்றும் வளர்வதில்லை. உருப்பெருக்கியில் கிருமிகள் தென்பட்டாலும் அவை செத்த கிருமிகளே. மருந்தால் சிதைந்த கிருமிகளின் துணுக்குகளை நோக்கி, நோயினால் அடங்கிக் கிடந்த உடலின் காப்புப் படை இப்போது வலுப்பெற்றுத் திரண்டு வருகிறது. அந்தத் திரட்சிதான் வீக்கம். மூளையில் உள்ள காசக் கட்டிகளும் இவ்வாறு பெருப்பது உண்டு. அங்கே இது உயிருக்கே ஆபத்தாகலாம். எச்.ஐ.வி. தொற்று உடையவர்களுக்குக் காசநோய் மருந்தோடு அத்தொற்றுக்கான மருந்தையும் தொடங்கும்போது இது இன்னும் மிகுதி. தென்னாப்பிரிக்காவில் இத்தகைய 240 பேரிடம் நடத்தி 2018 இல் வெளியிட்ட ஆய்வில், வெற்று மாத்திரை பெற்றவர்களுள் நூற்றுக்கு 46.7 பேருக்கு இக்கிளர்ச்சி வந்தது. நான்கு வாரம் பிரெட்னிசோன் பெற்றவர்களுள் 32.5 பேருக்கு வந்தது. காப்புப் படையைச் சற்று அடக்கியதும் கிளர்ச்சி குறைந்ததால், காரணம் பற்றிய கருத்தும் வலுப்பெற்றது.

ஆனால் வீங்கிய கட்டி எல்லாம் முரண் விளைவு என்று நினைத்து வாளாவிருப்பதும் தவறு. மருந்துக்கு அடங்காத கிருமியாக இருக்கலாம். மாத்திரையை இடையிடையே விட்டிருக்கலாம். நோயே வேறாக இருக்கலாம். இவை மூன்றும் இல்லை என்று பரிசோதித்துத் தெளிந்த பின்னரே மருத்துவர்கள் இப்பெயரைச் சொல்வார்கள். தெளிந்துவிட்டால், பெரும்பாலும் அதே மருந்து அதே அளவில் தொடரும். தேவையானால் ஸ்டீராய்டு சேரும். மாத்திரை தவறிய நாட்களை மருத்துவரிடம் மறைக்காமல் சொன்னால்தான் இந்தத் தெளிவு கிட்டும்.

சீட்டுக் குலுக்கிப் பிரித்து ஒப்பிடும் முறைக்கும் தமிழ்நாட்டுக்கும் காசநோயின் வழியாகவே நெருங்கிய தொடர்பு உண்டு. 1956 ஆம் ஆண்டில் சென்னையில் தொடங்கிய காசநோய் மருந்துச் சிகிச்சை நிலையம், நோயாளிகளை இவ்வாறு பிரித்து, ஒரு சாராரைச் சானடோரியத்திலும் மற்றொரு சாராரைத் தங்கள் வீடுகளிலுமே வைத்துச் சிகிச்சை அளித்தது. நெருக்கடியான ஏழைக் குடில்களில் இருந்து மருந்து உண்டவர்களும் சானடோரியத்தில் இருந்தவர்களைப் போலவே குணமடைந்தனர் என்று 1959 இல் அது அறிவித்தது. சேத்துப்பட்டில் இன்று தேசியக் காசநோய் ஆராய்ச்சி நிலையமாக விளங்குவது அதுவே. வீட்டிலிருந்தபடி, வேலைக்குப் போனபடி காசநோய் மருந்து உண்ணலாம் என்று இன்று நாம் இயல்பாக எண்ணுவதற்கு அவ்வாய்வு ஒரு பெருங்காரணம். மும்பையில் தொடங்கிய சிகிச்சையை மதுரையில் தொடரவும் இப்போது வழி இருக்கிறது. நோயாளிக்குக் கொடுக்கப்படும் 'நிக்ஷய்' எண்ணைக் கையோடு கொண்டு போனால், எந்த மாநிலத்திலும் அரசு நிலையத்தில் பழைய விவரத்தைப் பார்த்து மருந்தைத் தொடர்வார்கள்.

இறுதியாக ஒரு செய்தி. மருந்துகளின் தீய விளைவுகளைத் திரட்ட 2010 ஆம் ஆண்டில் இந்திய அரசு ஒரு திட்டம் தொடங்கிற்று. காசியாபாத்தில் உள்ள இந்திய மருந்து நூல் ஆணையம் இதனை நடத்துகிறது. மருத்துவர்கள் மட்டுமன்றி, மருந்து உண்டவரோ அவர் வீட்டாரோகூட எழுதலாம். அதற்கென உள்ள படிவம் தமிழிலும் கிடைக்கிறது. மருந்தின் பெயர், அட்டையில் அச்சிட்ட தொகுதி எண், எதற்காக எந்த நாளில் உண்ணத் தொடங்கினார், எத்தனை நாள் கழித்து என்ன நேர்ந்தது, நிறுத்தியபின் தணிந்ததா, அதே சமயம் வேறென்ன மருந்துகள் உண்டார் என்பவற்றைக் குறித்தால் போதும். நாட்டு மருந்து, கஷாயம், கடையில் வாங்கிய சொட்டு மருந்து எல்லாவற்றையும் சேர்த்தே எழுத வேண்டும். அட்டையை எறிந்துவிட்டால் தொகுதி எண் கிடைக்காது. அலுவலக நாட்களில் 1800-180-3024 என்ற கட்டணமில்லாத் தொலைபேசி எண்ணிலும் தெரிவிக்கலாம்.